ஒரு முழுப் பகல்

கேட்கிறதா அண்ணா? மின்விசிறி இரைச்சலைச் சொல்லவில்லை. அதற்கு அடியில். கதவில் காதை வைத்துக் கேளுங்கள். கண்ணாடி வழியாக எட்டிப் பார்த்துப் பயனில்லை, தட்டுத் தட்டாக முட்டைதான் தெரியும். ஓட்டில் ஒரு கீறல்கூட விழுந்திருக்காது. ஆனால் உள்ளே இருந்தபடியே கீச்... கொஞ்சம் விட்டு இன்னொரு கீச். கேட்டுவிட்டது, உங்கள் முகத்திலேயே தெரிகிறது. ஒன்றையொன்று கூப்பிட்டுக்கொள்கின்றன. நீ வருகிறாயா, நான் வரட்டுமா என்று. குஞ்சு பொரிக்கிற இந்தப் பெட்டியில் பதினைந்தாயிரம் முட்டை. அதில் ஒரு வரிசை சோர்ந்துபோய்க் கூப்பிட்டால் எனக்குத் தெரிந்துவிடும். சூடு கூடிவிட்டது, ஈரம் குறைந்துவிட்டது என்று மீட்டர் சொல்வதற்கு முன்னால் என் காது சொல்லும். முதலாளியே கேட்பார், "நல்லியப்பா, உனக்கிருக்கறது காதா, இல்ல வேற எதாச்சுமா?" என்று.

உங்கள் வண்டியில் ஏறவேண்டிய குஞ்சுகள் இவை இல்லை. அவை பக்கத்துப் பெட்டியில் பொரிந்துவிட்டன, ரோமம் காயவேண்டும். ஈரத்தோடு ஏற்றினால் பல்லடம் போய்ச் சேர்வதற்குள் நடுங்கியே பாதி செத்துவிடும். இன்னும் இரண்டு மணி நேரம் ஆகும். உட்காருங்கள். நானும் இப்போதுதான் வேலைக்கு வந்தேன். பொழுதுகூட இன்னும் விழவில்லை.

வாசலில் நின்று மலையைக் காட்டி ஏதோ கேட்டீர்களே. கொல்லிமலைதான். போயிருக்கிறீர்களா என்றீர்கள். அந்த மலையைப் பார்த்தபடியே ஐம்பத்திரண்டு வயதாகிவிட்டது, ஒரே ஒரு தடவை போனேன். போன மார்கழியில். தனியாக ஒரு கார் பேசி, காலையில் போய்ச் சாயங்காலம் இறங்கிவிட்டோம். நானும் என் வீட்டுக்காரி சிந்தாமணியும். அருவி எப்படி இருந்தது என்று மட்டும் என்னிடம் கேட்காதீர்கள்.

கேட்டாலும் தப்பில்லை. நான் பார்க்கவில்லை. சத்தம் கேட்டேன், அவ்வளவுதான்.

நீங்களும் ராத்திரி வண்டி ஓட்டுகிறவர், உங்களுக்குச் சொன்னால் புரியும். பத்தொன்பது வருடமாக எனக்குப் பகல்தான் ராத்திரி. காலை ஏழு மணிக்கு வீட்டுக்குப் போவேன். குளித்துச் சாப்பிட்டு எட்டு மணிக்குப் படுத்தால் நாலரைக்கு எழுந்திருப்பேன். அதற்குத் தோதாகச் சிந்தாமணி நடந்துகொண்ட மாதிரி இன்னொருத்தி நடந்திருக்கமாட்டாள். எங்கள் வீட்டில் குக்கர் விசில் அடித்ததில்லை. ஆவி திரண்டு வருகிறபோது கரண்டிக் காம்பால் குண்டை லேசாகத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்பாள். பாத்திரம் விளக்கினால் அடியில் சாக்கு விரித்துக்கொள்வாள். அழைப்புமணி ஒயரை அவளேதான் பிடுங்கிப்போட்டாள். பால்காரர், கேஸ்காரர் எல்லோரோடும் ஜாடைதான். பையனும் அப்படித்தான் வளர்ந்தான். மூன்று வயதிலேயே சத்தம் வராமல் அழப் பழகிக்கொண்டான் அண்ணா! வாயைத் திறப்பான், கண்ணில் தண்ணீர் கொட்டும், சத்தம் மட்டும் இருக்காது. பார்க்கிறவர்கள் எல்லாம், "புள்ளைய எப்பிடி வளத்தி வெச்சிருக்காங்க பாரு" என்பார்கள். இப்போது ஓசூரில் கம்பெனி வேலை. வந்தால் ஒரு நாள் இருப்பான். பேசமாட்டான். சுபாவமே அப்படி.

இதெல்லாம் போதாதென்று ஒரு பழைய ஏர்கூலர். மார்கழிக் குளிரிலும் ஓடும். காற்றுக்கு இல்லை, இரைச்சலுக்கு. அதைப் போட்டுவிட்டால் தெருச் சத்தம் எதுவும் அண்டாது. ஐந்தாவது நிமிடம் நான் இந்த உலகத்தில் இருக்கமாட்டேன்.

மலைக்குப் போனதற்கு இரண்டு மாதம் முன்னால், ஐப்பசியில், அவள் குளியலறையில் வழுக்கி விழுந்துவிட்டாள். காலை பதினொரு மணி. வலது மணிக்கட்டு முறிந்துவிட்டது. நான் வழக்கம்போல நாலரைக்கு எழுந்து வந்து பார்த்தால் அடுப்படிச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறாள். கை வீங்கி மினுமினு என்று இருக்கிறது.

"ஏம் புள்ள எழுப்பல?"

"தூங்கிட்டிருந்தீங்க."

இதை நான் பெருமையாக நாலு பேரிடம் சொன்னேன். எலும்பு முறிந்து ஐந்தரை மணி நேரம் முனகாமல் இருந்தாள் என்றால் எப்பேர்ப்பட்ட பொறுமை! ராசிபுரத்தில் இருக்கிற அவள் தங்கைக்குத்தான் அது பெருமையாகப் படவில்லை. மாவுக்கட்டுப் போட்ட அன்றைக்கே வந்து அக்காவைக் கூட்டிக்கொண்டு போய்விட்டாள். போகிறபோது வாசலில் நின்று சொல்கிறாள், "நீங்க ஊரான் முட்டைய அடைகாத்துட்டு இருங்க மாமா. எங்கக்காள நாங்க பாத்துக்கறம்." வாய் அப்படி.

கட்டுப் பிரித்த பிறகும் சிந்தாமணி திரும்பி வரவில்லை. இரண்டு தடவை போய்க் கூப்பிட்டேன். முதல் தடவை காப்பி கொடுத்து அனுப்பிவிட்டாள். இரண்டாவது தடவை சொன்னாள்.

"எனக்கு ஒண்ணும் வேண்டாங்க. ஒரே ஒரு பகல். விடிஞ்சதுல இருந்து பொழுது சாயற வரைக்கும் முழுசா முழிச்சிருந்து எங்கூட இருங்க. கொல்லிமலைக்குக் கூட்டிட்டுப் போங்க. கலியாணம் ஆன புதுசுலயே சொன்னீங்க. போயிட்டு வந்தா, நா வீட்டுக்கு வர்றனா இல்லையான்னு எனக்கே தெரிஞ்சிரும்."

"இவ்வளவுதானா?" என்றேன்.

"இவ்வளவுதாங்க" என்றாள்.

வியாழக்கிழமை என்று முடிவு செய்தோம். முதல் நாள் ராத்திரி லீவு போட்டுத் தூங்கிவிட்டு வருவதாகச் சொன்னேன். முதலாளியும் லீவு கொடுத்துவிட்டார். ஆனால் அன்றைக்குத்தான் ஒரு பெட்டி முழுக்கப் பொரிகிற நாள். நான் இல்லாமல் அதை விட்டுவிட்டு எப்படிப் படுப்பது? பொரிகிற நேரத்தில் ஈரம் இரண்டு புள்ளி இறங்கினால் போதும், குஞ்சு ஓட்டோடு ஒட்டிக்கொண்டு வெளியே வர முடியாமல் செத்துப்போகும். ஆள் இருக்கிறான்தான். அவனுக்குக் காது போதாது. வேலைக்குப் போய்விட்டேன். சிந்தாமணியிடம் சொல்லவில்லை. சொல்ல என்ன இருக்கிறது, ஒரு நாள் தூங்காவிட்டால் செத்தா போய்விடுவோம்?

வேலை முடிகிற நேரத்துக்கு முன்பே இங்கிருந்து கார் ஏறி, காலை ஆறரைக்கு ராசிபுரத்தில் அவளை ஏற்றிக்கொண்டோம். பச்சைப் பட்டுச் சேலை கட்டியிருந்தாள், பையனுக்குக் காது குத்தினபோது எடுத்தது. ஒரு பையில் அருவியில் குளித்துவிட்டு மாற்றிக் கட்ட நூல் சேலை, துண்டு, எனக்கு ஒரு வேட்டி. காருக்குள் ஏறி உட்கார்ந்ததும் என் முகத்தையே பார்த்தாள். அப்புறம் கையை நீட்டி என் காதோரத்தில் இருந்து எதையோ எடுத்தாள். மஞ்சளாக, ஒரு குஞ்சுரோமம். உங்கள் சட்டையிலும் இருக்கிறது பாருங்கள், இங்கே பத்து நிமிடம் நின்றால் ஒட்டிக்கொள்ளும். அவள் அதை எறியவில்லை. உள்ளங்கையில் வைத்து மூடிக்கொண்டாள். மலையடிவாரத்துக் காரவள்ளி வரைக்கும் அந்தக் கையைத் திறக்கவே இல்லை. இரண்டு மாதம் பிரிந்திருந்தாலும் பாசம் போகவில்லை, பார்த்தீர்களா?

டிரைவர் பெயர் மாதேஸ். சேந்தமங்கலத்துக்காரன், முப்பத்தைந்து வயது இருக்கும். நீங்களும் டிரைவர், தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள், வாய் ஓயாத ஆள். மலைக்கு எழுபது கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொன்றுக்கும் ஹாரன் அடித்து, ஒவ்வொன்றையும் எண்ணிச் சொல்கிறான்.

"பன்னெண்டுங்கக்கா."

"அதுக்குள்ளயா?"

"நீங்களே ஒரு அமுக்கு அமுக்குங்கக்கா, பின்னால இருந்து எட்டும்."

விளையாட்டுக்குச் சொன்னான். அவள் நிஜமாகவே எக்கி ஹாரனை அமுக்கினாள். அமுக்கிவிட்டுத் திரும்பி என்னைப் பார்த்தாள், நான் எழுந்துவிட்டேனா என்று பார்ப்பது போல. நான் முழித்துக்கொண்டுதான் இருந்தேன்! கண் எரிந்தது, அவ்வளவுதான். முப்பதாவது வளைவில் வண்டியை நிறுத்தி ஒரு மலைவாசி அம்மாவிடம் மிளகு வாங்கினேன். நாக்குக்கு அடியில் நாலு மிளகை அடக்கிக்கொண்டால் தூக்கம் அண்டாது. இருபது முப்பது மிளகு தின்றிருப்பேன். வாய் வெந்துவிட்டது.

மேலே பனி. எட்டரை மணிக்கும் விளக்குப் போட்டுக்கொண்டுதான் வண்டிகள் வந்தன. நேரே அறப்பளீஸ்வரர் கோயிலுக்குப் போனோம். பழைய கோயில். சோழர் காலத்துக் கல்வெட்டெல்லாம் இருக்கிறது. நான் பத்தாவதோடு நின்றவன், ஆனால் இங்கே ராத்திரியில் உட்கார்ந்து படித்துப் படித்து எவ்வளவோ தெரிந்துகொண்டேன். இந்த மிஷின் புத்தகம் முழுக்க இங்கிலீஷ், அகராதியை வைத்துக்கொண்டு நானேதான் படித்தேன். கோயிலைப் பற்றியும் ஒரு சின்னப் புத்தகம் படித்திருந்தேன். அதனால் சொல்லிக்கொண்டே வந்தேன். உழுதபோது ஏர் பட்டு லிங்கத்தின் தலையில் தழும்பு இருக்கிறது, ஓடையில் பிடித்து அறுத்த மீன்கள் திரும்பவும் பொருந்தி நீந்திப் போயின, அதனால்தான் அறுத்து மீன் பொருத்தின சாமி என்கிறார்கள், இப்படி. பேச்சை நிறுத்தினால் கண் சொருகிவிடும் என்ற பயம் வேறு.

ஓடைக்கரையில் மீனுக்குப் பொரி போட்டுக்கொண்டே கேட்டாள், "அறுத்தது எல்லாமா பொருந்துச்சு?"

"கதைதான புள்ள."

"இல்லீங்க, எல்லாமும் பொருந்துச்சான்னு கேட்டேன்."

புத்தகத்தில் அது போடவில்லை.

சந்நிதிக்கு முன்னால் மணி தொங்கியது. எல்லோரும் ஒரு தட்டுத் தட்டிவிட்டு உள்ளே போனார்கள். இவள் ஒன்று அடித்தாள். நின்று கேட்டாள். இன்னொன்று அடித்தாள். ஏழெட்டு அடித்திருப்பாள். குருக்கள் திரும்பிப் பார்க்கிறார். "போதும் புள்ள, என்னது இது" என்றேன். என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே இன்னொரு தடவை அடித்தாள். அவள் பல் தெரியச் சிரித்து எத்தனை வருடம் ஆயிற்று என்று அப்போது நினைத்தேன். எல்லாம் சரியாகிவிடும் என்றுதான் நினைத்தேன் அண்ணா. சத்தியமாக அப்படித்தான் நினைத்தேன்.

கோயிலில் இருந்து அருவிக்கு ஆயிரம் படிக்கு மேல் இறங்கவேண்டும். படி ஆரம்பிக்கிற இடத்தில் முடவாட்டுக்கால் கிழங்கு சூப் விற்றார்கள். ஆளுக்கு ஒரு டம்ளர் குடித்துவிட்டு இறங்க ஆரம்பித்தோம். அருவி கண்ணில் படவே படாது, பள்ளத்தில் மரத்துக்குப் பின்னால் இருக்கிறது. ஆனால் சத்தம் மட்டும் படி ஏறி எதிரே வருகிறது. முதலில் தூரத்தில் லாரி போகிற மாதிரி. அப்புறம் மழை மாதிரி. இருநூறு படி இறங்கினதும் எனக்குப் பிடிபட்டுவிட்டது, அது என்ன சத்தம் என்று. எங்கள் வீட்டு ஏர்கூலர் சத்தம். அதேதான். மாறாத, ஏறாத, இறங்காத ஒரே இரைச்சல்.

உடம்பு என்ன செய்யும்? பத்தொன்பது வருடப் பழக்கம். அந்தச் சத்தம் கேட்டால் படு என்று அர்த்தம். கண் சொருகியது. "முட்டி வலிக்குது புள்ள, நீ முன்னால போ. ரெண்டு நிமிசத்துல வந்தர்றேன்" என்று படியோரத்தில் உட்கார்ந்தேன். பையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டேன், குரங்கு பிடுங்கிவிடும் என்று வாரைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றியும் கொண்டேன். பொறுப்பில்லாமலா செய்தேன்?

அவள் நாலு படி இறங்கித் திரும்பி நின்றாள். "தூங்கிறாதீங்க."

"நானா?" என்றேன்.

அதுதான் நான் கடைசியாகச் சொன்னது.

விசில் சத்தத்தில் கண் விழித்தேன். குக்கர் என்று நினைத்தேன் முதலில், பாருங்கள். வனத்துறைக்காரர், கீழே குளிப்பவர்களை மேலே ஏறச்சொல்லி ஊதுகிறார். மணி மூன்றாகிவிட்டது. வெயில் மலைக்குப் பின்னால் போய்விட்டது. திரும்பினால், பக்கத்துப் படியில் சிந்தாமணி உட்கார்ந்திருக்கிறாள். தலையில் இருந்து கால் வரைக்கும் ஈரம். பட்டுச் சேலை உடம்போடு ஒட்டிக் கறுத்துக் கிடக்கிறது. தோளில் எவனுடையதோ ஒரு காக்கித் துண்டு. உதடு நீலம் பாய்ந்து பல் தந்தியடிக்கிறது. முறிந்து கூடின மணிக்கட்டை இன்னொரு கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டிருக்கிறாள். மாற்றுச் சேலை இருந்த பை என் மடியில். நான் அதை இரண்டு கையாலும் கட்டிப்பிடித்துக்கொண்டு இருந்திருக்கிறேன்.

"எப்ப வந்த?"

"இப்பத்தாங்க."

இப்போதுதான் இல்லை. ஒன்றரை மணி நேரம். பிற்பாடு மாதேஸ் சொன்னான். ஆளைக் காணோமே என்று ஒன்றரை மணிக்கே தேடிக்கொண்டு படி இறங்கி வந்திருக்கிறான். இவள் நடுங்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள், நான் குறட்டை விடுகிறேன். ஒரு குரங்கு பைக்குக் கை நீட்டியிருக்கிறது. சத்தம் போடாமல் கையை மட்டும் ஓங்கி விரட்டியிருக்கிறாள். அவன், "அண்ணா!" என்று கூப்பிட வாயெடுத்திருக்கிறான். இவள் உதட்டில் விரலை வைத்து உஷ் என்று காட்டிவிட்டாளாம். அவன் தன் துண்டைக் கொடுத்துவிட்டு மேலே ஏறிப் போயிருக்கிறான். முட்டாள்! அவனாவது எழுப்பியிருக்கலாம்தானே? பேச வேண்டாத இடத்தில் எல்லாம் பேசுகிறவன், பேச வேண்டிய இடத்தில் வாயை மூடிக்கொண்டு போயிருக்கிறான். அவன்மேல் எனக்கு இன்றைக்கும் கோபம்தான்.

இறங்குகிறபோது எழுபது வளைவையும் எவரும் எண்ணவில்லை. சேலை மாற்றிக்கொண்டும் அவளுக்கு நடுக்கம் நிற்கவில்லை. பாதி மலை இறங்கினபின் நான்தான் ஆரம்பித்தேன்.

"கூப்பிட்டிருக்கலாம்ல? ஒரு சத்தம், ஏனுங்கன்னு ஒரு சத்தம். அதுக்கென்ன கேடு?"

அவள் கோபமாகப் பேசியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். நிதானமாகச் சொன்னாள், பக்கத்து வீட்டில் நடந்ததைச் சொல்கிற மாதிரி.

"கூப்படலாம்னுதாங்க பாத்தேன். ரெண்டு மூணு தடவ வாயத் தொறந்தேன். சத்தம் வர்ல. கீழ அருவியில கத்துனேன் தெரியுங்களா? தண்ணி வுழுகற எடத்துல எல்லாப் பொம்பளைகளும் கத்துனாங்க, நானும் கத்துனேன். அத்தன பெருசா வந்துச்சுங்க. எனக்கே நம்ப முடியல. படியேறி உங்க பக்கத்துல வந்து உக்காந்தேன். போயிருச்சு."

"தொட்டாச்சும் எழுப்பியிருக்கலாம்..."

"கையும் வர்லீங்க." சேலைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு, "உங்க மேல கோவமில்லீங்க. நீங்க நேத்து வேலைக்குப் போனதும் எனக்குக் காலையிலயே தெரியும். அதுக்காக இல்ல. எனக்குத்தான் தெரிஞ்சிருச்சு" என்றாள்.

என்ன தெரிந்தது என்று நான் கேட்கவில்லை. கேட்டிருக்கவேண்டுமோ என்னவோ. மாதேஸ் முன்னால் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருக்கிறான், எப்படிக் கேட்பது? ராசிபுரத்தில் தங்கை வீட்டு வாசலில் இறங்கிக்கொண்டாள். காக்கித் துண்டை நாலாக மடித்து அவனிடம் கொடுத்தாள். என் வேட்டி பையில் அப்படியே இருந்தது, நனையவே இல்லை, அதை என்னிடம் கொடுத்தாள். "பாத்துப் போங்க" என்றாள். மணி ஆறு. பொழுது அப்போதுதான் சாய்ந்தது. அவள் கேட்ட ஒரு பகல் அதோடு முடிந்தது.

இதோ வருகிற வாரத்தோடு ஒரு வருடம். அங்கேயே ஒரு பள்ளிக்கூடத்தில் சத்துணவு சமைக்கிற வேலைக்குச் சேர்ந்துவிட்டாள். மாதேஸ்தான் ஒருநாள் டீக்கடையில் பார்த்துச் சொன்னான். "மத்தியானம் அந்தப் பக்கம் போனனுங்கண்ணா, அக்கா புள்ளைங்கள வரிசைக்குக் கூப்படறாங்க, பஸ் ஸ்டாப்பு வரைக்கும் கேக்குது!" என்கிறான். சிந்தாமணியா? பொய் சொல்கிறான். அவள் குரல் அடுப்படியில் இருந்து கூடத்துக்கு வந்ததில்லை. இருபத்தைந்து வருடம் குடித்தனம் நடத்தினவன் நான், எனக்குத் தெரியாதா?

வீட்டில் இப்போது யாரும் இல்லை. குக்கர் இல்லை, பாத்திரம் இல்லை, ஜாடைகூட இல்லை. தூங்குவதற்கு இதைவிட என்ன வேண்டும்? எட்டு மணிக்குப் படுக்கிறேன். கூலரைப் போட்டால் அருவி ஞாபகம் வருகிறது, நிறுத்திவிடுகிறேன். நிறுத்தினால் ஒன்றுமே கேட்கவில்லை. அந்த ஒன்றுமே கேட்காததில் எனக்குத் தூக்கம் வரமாட்டேன் என்கிறது. மோட்டுவளையை முறைத்துக்கொண்டு கிடக்கிறேன். இந்த ஒரு வருடத்தில் நான் பார்த்த பகலைப் போல அதற்கு முன்னால் பார்த்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை அவளுக்குப் பள்ளிக்கூடம் இருக்காது. பதினொரு மணிவாக்கில் போன் போடுவேன். எடுப்பாள். எடுக்காமல் இருந்ததே இல்லை, அதைச் சொல்லவேண்டும். பின்னால் அவள் தங்கை வீட்டு டிவி அலறும், பிள்ளைகள் கத்தும், இவளும் யாரிடமோ உரக்கப் பேசிக்கொண்டுதான் போனை எடுப்பாள். நான், "சிந்தா" என்பேன். உடனே குரல் இறங்கிவிடும். காதோடு காதாக, கிசுகிசு என்று, எனக்கே போனைக் காதில் அழுத்தினால்தான் கேட்கும். "என்னங்க இந்நேரத்துல? தூங்குலீங்களா? தூங்குங்க, தூங்குங்க." அவ்வளவுதான், சத்தம் வராமல் வைத்துவிடுவாள்.

பாருங்கள், இன்னும் அந்த அக்கறை இருக்கிறது. ஒருநாள் வருவாள் என்றுதான்...

டீ ஆறிவிட்டது, குடியுங்கள். உங்கள் குஞ்சுகளுக்கு இன்னும் அரை மணி ஆகும். அந்த விளக்கை மட்டும் கொஞ்சம் அணைத்துவிடுகிறீர்களா? பதினெட்டாம் நாள் முட்டை ஆறு தட்டு பாக்கி இருக்கிறது, இருட்டில்தான் உயிர் இருக்கிறதா என்று பார்க்கமுடியும். அடியில் இந்தச் சின்ன லைட்டைப் பிடித்தால் போதும். இருண்டு தெரிந்தால் உயிர் இருக்கிறது. இப்படி வெளிச்சம் அந்தப் பக்கம் வந்துவிட்டால் ஒன்றுமில்லை, எடுத்து வாளியில் போடவேண்டியதுதான்.

இது இருக்கிறது. இதுவும் இருக்கிறது. இது இல்லை.